கீழ்க்கோர்ட்டிடம் கணக்குக் கேளுங்கள்: கடை வாடகை வழக்குகள் குறித்து உயர் நீதிமன்றத்துக்கு ஒரு திறந்த மடல்

மாண்புமிகு சென்னை உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதி அவர்களுக்கும், சென்னையிலும் மதுரைக் கிளையிலும் சிவில் சீராய்வு மனுக்களை விசாரிக்கும் நீதிபதிகளுக்கும்,

வணக்கம்.

முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். நிலுவையில் உள்ள எந்த வழக்கைப் பற்றியும் இந்த மடலில் ஒரு வரி கிடையாது. எந்த நீதிபதியின் எந்த உத்தரவையும் குறை சொல்ல வரவில்லை. மதுரையில் மாசி வீதியை ஒட்டிய சந்து ஒன்றில் பாத்திரக்கடை வைத்திருக்கிறேன். கடை இருப்பது வாடகைக் கட்டடத்தில். பாட்டனார் வழியில் வந்த சிறிய கட்டடம் ஒன்றை இன்னொருவருக்கு வாடகைக்கு விட்டும் இருக்கிறேன். வாடகை கொடுப்பவர், வாங்குபவர் இருவருடைய வயிற்றெரிச்சலும் எனக்குத் தெரியும் என்பதற்காக இதைச் சொல்கிறேன். சட்டம் படித்ததில்லை. வாடகைத் தகராறு என்று வரும் சக வியாபாரிகளுக்குத் துணையாக வக்கீல் ஆபீசுக்கும் கோர்ட்டுக்கும் போய்வந்ததில் சேர்ந்த அறிவுதான்.

அரசியலமைப்புச் சட்டத்தின் 227-ஆவது பிரிவைப் பற்றி எழுத வேண்டும். வக்கீல்கள் அதைச் சுருக்கமாக 'டூ ட்வென்டி செவன்' என்பார்கள். உயர் நீதிமன்றத்துக்குத் தன் எல்லைக்குள் இருக்கும் எல்லாக் கீழ் நீதிமன்றங்கள் மீதும் தீர்ப்பாயங்கள் மீதும் மேற்பார்வை அதிகாரம் உண்டு என்று அதன் முதல் உட்பிரிவு சொல்கிறது. கடைத்தெருவில் எல்லோருக்கும் தெரிந்தது இந்த ஒரு வரிதான். காலி செய்யச் சொல்லி உத்தரவு வந்துவிட்டதா, அப்பீலும் போய்விட்டதா, 'மதுரை பெஞ்சில் ஒரு சி.ஆர்.பி. போடலாம்' என்பார்கள். கீழ்க்கோர்ட் உத்தரவைச் சரிபார்க்கச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் போடும் சிவில் சீராய்வு மனுதான் சி.ஆர்.பி. அதே பிரிவின் இரண்டாம் உட்பிரிவை யாரும் பேசிக் கேட்டதில்லை. கீழ் நீதிமன்றங்களிடமிருந்து கணக்கு அறிக்கைகளைக் கேட்டு வாங்கலாம், நடைமுறைக்குப் பொது விதிகள் செய்யலாம், படிவங்கள் வகுக்கலாம், பதிவேடுகளை எப்படி வைக்க வேண்டும் என்றும் சொல்லலாம் என்கிறது அது. புதிதாக முளைத்த அதிகாரமும் இல்லை. சென்னை உயர் நீதிமன்றம் 1862-இல் தொடங்கக் காரணமான 1861-ஆம் ஆண்டு உயர் நீதிமன்றச் சட்டத்திலேயே, மேற்பார்வையும் கணக்குக் கேட்கும் உரிமையும் ஒரே பிரிவில் சேர்ந்து இருந்தன.

இந்த மடலில் நான் கேட்பது ஒன்றுதான். வாடகை வழக்குகளில் முதல் உட்பிரிவைப் பயன்படுத்துவதைக் கொஞ்சம் குறையுங்கள், இரண்டாவதைக் கையில் எடுங்கள்.

ஒரு கடை வாடகை வழக்கு எப்படி நகர்கிறது என்பது தங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. ஆனால் மேலிருந்து பார்ப்பதும் கீழிருந்து பார்ப்பதும் வேறு. 1960-ஆம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தில், எங்கள் ஊரில் மாவட்ட முன்சீப் கோர்ட்டில் ஆர்.சி.ஓ.பி. என்ற முதல் வாடகை மனு, அதன் மேல் சப் கோர்ட்டில் ஆர்.சி.ஏ. என்ற அப்பீல், அதற்கும் மேல் 25-ஆவது பிரிவின் கீழ் தங்களிடம் சீராய்வு. அந்தச் சட்டத்தை நீக்கிவிட்டு 2017-ஆம் ஆண்டுச் சட்டம் 22-2-2019 முதல் நடைமுறைக்கு வந்தது. இப்போது வாடகை அதிகாரி, வாடகை நீதிமன்றம், வாடகைத் தீர்ப்பாயம் என்று மூன்று. காலி செய்யக் கோரும் மனுக்களைப் பெரும்பாலும் 90 நாளுக்குள் முடிக்க வேண்டும் என்பது அதன் நோக்கம். தங்களிடம் சீராய்வுக்கு வர அந்தச் சட்டத்தில் தனி வழி வைக்கவில்லை. வழக்கு கீழேயே முடியட்டும் என்பதுதான் சட்டமன்றத்தின் எண்ணமாக இருந்திருக்க வேண்டும். முன்வாசலை அடைத்த பிறகு கூட்டமெல்லாம் 227 என்ற பக்கவாசல் வழியாக வருகிறது. அந்த வாசலைச் சட்டமன்றம் அடைக்க முடியாது. அது அரசியலமைப்பின் அடிப்படைக் கட்டமைப்பு என்று 1997-இல் உச்ச நீதிமன்றம் ஏழு நீதிபதிகள் அமர்வில் சொல்லிவிட்டது. அடைக்கவும் கூடாது என்பதே என் எண்ணமும். அதில் யாரை, எப்போது, என்ன நிபந்தனையோடு உள்ளே விடுவது என்பது தங்கள் கையில் இருக்கிறது.

227 எதற்கு என்று உச்ச நீதிமன்றம் முதன்முதலில் விரிவாகச் சொன்ன 1954-ஆம் ஆண்டுத் தீர்ப்பே ஒரு வாடகை வழக்கில் வந்ததுதான். இமாசலப் பிரதேசத்து வழக்கு. கீழ் நீதிமன்றங்களைத் தம் அதிகார எல்லைக்குள் நிறுத்தி வைக்க மட்டும், மிக அரிதாக இதைப் பயன்படுத்த வேண்டும். வெறும் பிழைகளைத் திருத்த இது இல்லை என்று அதில் இருக்கிறது. ஆனால் அந்த வழக்கில் தலையிட்டது சரியே என்றும் தீர்ப்பு சொன்னது. பாக்கி இருக்கிறது என்று தெரிந்தும் சட்டம் சொன்னதைச் செய்யாமல் கீழ்க்கோர்ட்டுகள் விட்டுவிட்டன என்பதுதான் காரணம். 2014-இல் இந்துஸ்தான் பெட்ரோலியம் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு, நம் 1960 சட்டத்தையும் சேர்த்துப் பார்த்து, சீராய்வு என்ற பெயரில் சாட்சியத்தை மறுபடி முதலிலிருந்து எடைபோடக் கூடாது என்றது. 2019-இல் விருதுநகர் சபை ஒன்றின் வழக்கில், சிவில் நடைமுறைச் சட்டத்தில் அப்பீல் வழி இருக்கும்போது 227-க்கு ஓடிவருவதற்கு ஏறக்குறைய முழுத் தடை என்றே சொன்னார்கள். ஆக, சட்டம் தெளிவாகத்தான் இருக்கிறது.

சிக்கல் தீர்ப்பு நாளில் வருவதில்லை. மனு முதல் முறை எடுக்கப்படும் நாளில் வருகிறது. காலி செய்யும் உத்தரவை நிறுத்தி வைத்து அன்றைக்குக் கிடைக்கும் இடைக்காலத் தடை இருக்கிறதே, அதற்காகத்தான் பாதி மனுக்கள் போடப்படுகின்றன என்று கடைவீதியில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள்.

கணக்கைப் பாருங்கள். பழைய வாடகை மாதம் 4,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். அதே அளவு பக்கத்துக் கடை இன்று 30,000 ரூபாய்க்குப் போகிறது. காலி செய்யும் உத்தரவு வந்தபின் ஒவ்வொரு மாதமும் 26,000 ரூபாய் வாடகைதாரர் கையில் மிச்சம். ஒரு வருஷத் தடை என்றால் 3,12,000 ரூபாய். வக்கீல் பீஸ், மனுவோடு சேர்க்கும் தட்டச்சுத் தொகுப்பான டைப் செட், ரயில் செலவு எல்லாம் போனாலும் லாபம்தான். வியாபாரி கணக்குப் பார்க்கத்தான் செய்வான், அதில் தப்பில்லை. வழக்கில் ஜெயிக்க வேண்டிய அவசியமே அவனுக்கு இல்லை, நடந்துகொண்டிருந்தால் போதும். மனு கடைசியில் தள்ளுபடி ஆகலாம், சட்டப்புத்தகத்தில் சரியான தீர்ப்பாகவே அது இருக்கும். ஆனால் அந்த இரண்டு வருஷமோ நான்கு வருஷமோ யார் பையிலிருந்து போயிற்று?

இதற்கு மருந்தை உச்ச நீதிமன்றம் 2004 டிசம்பரிலேயே எழுதிக் கொடுத்திருக்கிறது. ஆத்மா ராம் பிராப்பர்டீஸ் வழக்கு. டில்லி கன்னாட் சர்க்கஸில் ஒரு வணிகக் கட்டடம், 1944-இலிருந்து அதே வாடகைதாரர், மாத வாடகை 371 ரூபாய் 90 காசு. காலி செய்ய உத்தரவானது. அப்பீலில் தடை வேண்டுமானால் மாதம் 15,000 ரூபாய் கட்டு என்று வாடகைத் தீர்ப்பாயம் நிபந்தனை போட்டது. வாடகைதாரர் 227-இன் கீழ் உயர் நீதிமன்றம் போனார். உயர் நீதிமன்றம் அந்த நிபந்தனையை நீக்கிவிட்டது. உச்ச நீதிமன்றம் தீர்ப்பாயத்தின் பக்கம் நின்று அதைத் திரும்பக் கொண்டுவந்தது. காலி செய்யும் உத்தரவு பிறந்த நாளிலிருந்து, தடை கேட்பவர் அந்த இடத்துக்கு இன்று என்ன வாடகை கிடைக்குமோ அதைக் கட்டச் சொல்வது நியாயமே என்றது. இதை நான் திரும்பத் திரும்ப நினைத்துப் பார்ப்பதுண்டு. கீழ்த் தீர்ப்பாயம் சரியாகச் செய்த வேலையை மேற்பார்வை என்ற பெயரில் கெடுக்கவும் முடியும் என்பதற்கு இதைவிட வேறு உதாரணம் வேண்டாம்.

நம் சட்டத்திலும் இந்த நியாயம் பழசுதான். 1960 சட்டத்தின் 11-ஆவது பிரிவு, பாக்கியைக் கட்டிவிட்டு எதிர்வாதம் செய் என்றது. வாதாடவே பணம் கட்ட வேண்டும் என்றால், தோற்ற பிறகு தடை வாங்குகிறவர் சந்தை வாடகை கட்ட வேண்டாமா? தங்கள் நீதிமன்றத்திலும் பல நீதிபதிகள் இப்படி நிபந்தனை போடுகிறார்கள். ஆனால் போடுவதும் போடாததும், எவ்வளவு போடுவது என்பதும் அன்றைய பட்டியலைப் பொறுத்தது என்று ஆகிவிட்டது. அதற்கு ஒரு பொது விதி வேண்டும். சந்தை வாடகை எவ்வளவு என்பதற்கு ஊகம் தேவையில்லை. 2017 சட்டப்படி வாடகை ஒப்பந்தங்கள் வாடகை அதிகாரியிடம் பதிவாகி எண் பெறுகின்றன. அதே தெருவில் பதிவான நான்கு கடைகளின் வாடகையை அவரிடம் கேட்டு வாங்கினால் அரை மணி வேலை. கட்டும் பணம் கட்டட உரிமையாளர் கைக்குப் போக வேண்டாம், கோர்ட்டிலேயே இருக்கட்டும். வாடகைதாரர் ஜெயித்தால் வட்டியோடு எடுத்துக்கொள்ளட்டும்.

தடைக்கு அடுத்தபடியாக இன்னொரு வகை மனு இருக்கிறது. 'எங்கள் ஆர்.சி.ஓ.பி.யை மூன்று மாதத்தில் முடிக்கக் கீழ்க்கோர்ட்டுக்கு உத்தரவிட வேண்டும்' என்று மட்டும் கேட்டுப் போடும் சி.ஆர்.பி. எதிர்த்தரப்பு பெரிதாக ஆட்சேபிக்காது, உத்தரவும் சீக்கிரம் கிடைக்கும். கேட்க நல்லதாகத்தான் தெரியும். முன்சீப் கோர்ட் வராந்தாவில் நின்று பார்த்தால் வேறு மாதிரி தெரியும். 'ஹைகோர்ட் டைரக்‌ஷன்' என்று மேலே எழுதிய வழக்குக் கட்டு முதலில் எடுக்கப்படும். அதற்கு முன்னால் ஐந்து வருஷமாகக் காத்திருந்த கட்டுகள் வாய்தா வாங்கிக்கொண்டு கீழே போகும். மதுரைக்கோ சென்னைக்கோ போய் வக்கீல் வைக்க வசதி உள்ளவருக்கு வரிசையில் முன்னிடம். இப்படிக் காலக்கெடு வைப்பதை அரசியலமைப்பு நீதிமன்றங்கள் சாதாரணமாகத் தவிர்க்க வேண்டும், எந்த வழக்குக்கு முன்னுரிமை என்பது அந்தந்தக் கோர்ட்டில் இருப்பவருக்கே தெரியும் என்று 29-2-2024 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொன்னது. ஆறு மாதத்தில் தடை தானாகவே காலாவதி ஆகும் என்ற 2018 தீர்ப்பையும் அதே அமர்வு ரத்து செய்தது. தானாகப் போகாது என்றால், தடையை யாராவது நினைவில் வைத்திருக்க வேண்டும். யார்?

இங்கேதான் இரண்டாம் உட்பிரிவு வருகிறது.

கணக்குக் கேட்டால் என்ன நடக்கும் என்பதை 2025-இல் நாடே பார்த்தது. தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு சொத்து வழக்கில், தீர்ப்பு வாங்கியும் பல ஆண்டுகள் சொத்து கைக்கு வராத கதையைப் பார்த்து, தீர்ப்பைச் செயல்படுத்தித் தரக் கேட்கும் நிறைவேற்று மனுக்கள் எத்தனை தேங்கியிருக்கின்றன என்று மாவட்ட நீதிமன்றங்களிடம் கேட்டு வாங்கும்படி எல்லா உயர் நீதிமன்றங்களுக்கும் உச்ச நீதிமன்றம் அந்த மார்ச்சில் சொன்னது. ஆறு மாதத்தில் முடிக்கவும் சொன்னது. அக்டோபரில் வந்த கணக்கில் நாடெங்கும் 8.8 லட்சத்துக்கு மேல் நிலுவை. அந்த ஆறு மாதத்தில் 3.38 லட்சம் மனுக்கள் முடிந்திருந்தன. ஒரே ஒரு கேள்வி கேட்டதற்கு இவ்வளவு. அந்தக் கேள்வியை டில்லியிலிருந்து கேட்க வேண்டியிருந்தது என்பதுதான் எனக்கு உறுத்துகிறது. 1861-இலிருந்து கேட்கும் உரிமை பெற்றவர்கள் இங்கேயே இருக்கிறார்கள்.

ஆகவே தமிழ்நாட்டின் ஒவ்வொரு வாடகை நீதிமன்றத்திடமிருந்தும், தீர்ப்பாயத்திடமிருந்தும், பழைய சட்டத்தில் மிச்சமிருக்கும் ஆர்.சி.ஓ.பி.களைக் கையில் வைத்திருக்கும் முன்சீப் கோர்ட்டுகளிடமிருந்தும் மூன்று மாதத்துக்கு ஒருமுறை ஓர் அறிக்கை கேளுங்கள். எத்தனை மனு வந்தது, எத்தனை முடிந்தது என்ற வழக்கமான எண்ணிக்கை போதாது. அது ஏற்கெனவே கணினியில் இருக்கிறது. ஒவ்வொரு வாய்தாவையும் யார் கேட்டார், என்ன காரணம், எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை கட்டச் சொன்னார்களா என்பது வேண்டும். உயர் நீதிமன்றத் தடையால் நிற்கும் கட்டு எத்தனை, எந்தத் தேதியிலிருந்து என்பது வேண்டும். அந்தப் பட்டியலைத் தங்கள் பதிவகம் தன்னிடமுள்ள சி.ஆர்.பி. பட்டியலோடு ஒப்பிட்டுப் பார்த்தால், தடை வாங்கிய பின் யாரும் திரும்பிப் பார்க்காத மனுக்கள் தாமாக மேலே வரும். அசல் கட்டை உயர் நீதிமன்றத்துக்கு அனுப்பிவிட்டு, 'ரெக்கார்டு வரவில்லை' என்று கீழே வாய்தா போடும் வழக்கத்துக்கும் அப்போது ஒரு முடிவு வரும். கீழ்க்கோர்ட்டிலேயே மின்தாக்கல் வந்துவிட்ட காலத்தில் அசல் கட்டு பஸ் ஏற வேண்டியதில்லை.

(இதே இடத்தில் ஒரு சிறு புலம்பல். கீழே வழக்கு தமிழில் நடக்கிறது. மேலே போக அந்த மனு, சாட்சியம், தீர்ப்பு எல்லாவற்றையும் ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து டைப் செட் போட வேண்டும். பக்கத்துக்கு இவ்வளவு என்று வாங்குகிறார்கள். அதிலும் 'உள்வாடகை' ஒரு பக்கத்தில் ஒரு மாதிரியும் இன்னொரு பக்கத்தில் வேறு மாதிரியும் ஆகிவிடுகிறது. இது இன்றைய மடலின் விஷயமில்லை, விட்டுவிடுகிறேன்.)

இதுவரை எழுதியதைப் படித்தால் கட்டட உரிமையாளர் சங்கத்துக்காரன் எழுதியது போல இருக்கும். இனிச் சொல்வதை என் கட்டடக்காரர் படித்தால் அவருக்குப் பிடிக்காது.

2017 சட்டத்தின் 21-ஆவது பிரிவில் காலி செய்யச் சொல்ல முதல் காரணமாக இருப்பது, இரு தரப்பும் எழுத்து ஒப்பந்தம் செய்துகொள்ளத் தவறியது. யார் தவறவிட்டது என்று அங்கே தனியாகக் கேட்கவில்லை. கடைவீதியில் பாதிக்கு மேல் வாய்ப்பேச்சு வாடகைதான் என்பது நாடறிந்தது. அப்பா காலத்தில் கொடுத்த அட்வான்ஸ், கடை பிடிக்கத் தனியாகக் கொடுத்த பகடிப் பணம் எதற்கும் ஒரு துண்டுச் சீட்டு இருக்காது. வாடகைதாரர் ஒப்பந்தத்துக்குத் தயார் என்று நோட்டீஸ் அனுப்புகிறார். உரிமையாளர் வாங்காமல் விடுகிறார், அல்லது யாரும் கட்ட முடியாத ஒரு தொகையைச் சொல்கிறார். பிறகு அவரே 'ஒப்பந்தம் இல்லை' என்று மனுப் போடுகிறார். வாடகையை வாங்க மறுத்துவிட்டுப் பாக்கி என்று வழக்குப் போடுவது 1960 சட்டக் காலத்துத் தந்திரம். மணியார்டர் 'வாங்க மறுத்தார்' என்று திரும்பி வரும், அந்தச் சீட்டைப் பத்திரமாக வைத்திருந்தவன் பிழைத்தான். இது அதன் புதுப் பதிப்பு. இதில் ஒவ்வொரு ஊர் வாடகை நீதிமன்றமும் ஒவ்வொரு மாதிரி போனால், கடையைப் பூட்டிச் சாவியைக் கொடுப்பதா வேண்டாமா என்பது ஊரைப் பொறுத்த விஷயமாகிவிடும். கீழ் நீதிமன்றங்களை எல்லைக்குள் நிறுத்துவது என்று 1954-இல் சொன்னது இந்த மாதிரி இடத்துக்குத்தான். நூறு சி.ஆர்.பி.க்களில் தனித்தனியாகத் தடை கொடுப்பதைவிட, இந்த ஒரு சட்டக் கேள்வியில் வரும் மனுக்களை ஒன்றாகக் கட்டி ஒரு அமர்வு முன் வைத்து முடித்துவிட்டால் கீழே பாதி சச்சரவு அடங்கும்.

எதிர்த்தரப்பு வராமலே போடப்படும் எக்ஸ் பார்ட்டி உத்தரவுகளும் அப்படித்தான். சம்மன் கடைப் பையன் கையில் கொடுக்கப்பட்டு முதலாளிக்கு வந்து சேராமலே தேதி போய்விடுவதுண்டு. ஒருநாள் கோர்ட் ஊழியரான அமீனா பூட்டு உடைக்கிறவரோடு வந்து நிற்கும்போதுதான் விஷயம் தெரியும். இதற்கு 227-இன் படிவ அதிகாரம் போதும். வாடகை நீதிமன்ற அறிவிப்புக்குத் தனிப் படிவம், பெரிய எழுத்தில், தமிழில்: இது கடையைக் காலி செய்யச் சொல்லும் வழக்கு, இந்தத் தேதிக்குள் பதில் சொல்லாவிட்டால் உத்தரவு வரும், வாடகையை இந்த இடத்தில் கட்டலாம், வக்கீல் வைக்க வசதியில்லையென்றால் சட்டப்பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இங்கே இருக்கிறது. ஒரு பக்கம்தான். இப்போது வரும் காகிதத்தைப் படித்து இதையெல்லாம் புரிந்துகொள்ள வேண்டுமானால் கூடவே ஒரு குமாஸ்தா வேண்டும்.

கீழ் நீதிமன்ற நீதிபதிகளைப் பற்றியும் இரண்டு வார்த்தை. ஒவ்வொரு உத்தரவும் மேலே போய்த் தடை வாங்கிவிடும் என்று தெரிந்த பிறகு, துணிந்து செலவுத்தொகை போடவோ வாய்தாவை மறுக்கவோ யாருக்கு மனம் வரும்? பாதுகாப்பான வழி, கேட்டவருக்கெல்லாம் வாய்தா கொடுத்துவிடுவது. சரியாகச் செய்த உத்தரவு மேலே நிற்கும் என்ற நம்பிக்கையைக் கொடுப்பதும் மேற்பார்வைதான் என்று நினைக்கிறேன்.

கடைசியாக ஒன்று. நான் கேட்கும் காலாண்டு அறிக்கைகள் வந்தால், அவற்றைத் தங்கள் பதிவகத்தின் அலமாரியில் மட்டும் வைத்துவிடாதீர்கள். பெயர்கள் வேண்டாம், வழக்கு எண்கள்கூட வேண்டாம். எந்த வாடகை நீதிமன்றத்தில் 90 நாளுக்குள் முடிந்தவை எத்தனை, 900 நாள் தாண்டியவை எத்தனை, நிபந்தனை இல்லாத தடையில் நிற்பவை எத்தனை என்று மாவட்டவாரியாக இணையதளத்தில் போடுங்கள். அடுத்த முறை சங்கத்தில் ஒருவர் 'அண்ணே, கேஸ் போட்டா எவ்வளவு நாள் ஆகும்?' என்று கேட்கும்போது, அவருக்கு எடுத்துக் காட்டவாவது ஒரு தாள் வேண்டும். அதைப் பார்த்துவிட்டு வழக்கே வேண்டாம், உட்கார்ந்து பேசிக்கொள்ளலாம் என்று அவர் முடிவு செய்தாலும் சரிதான்.

இப்படிக்கு,
மதுரையிலிருந்து,
வாடகை கொடுத்தும் வாங்கியும் வரும் ஒரு கடைக்காரன்